ஒரே தட்டில் எல்லோருக்கும்

(எமது பழைய மாணவிகள் சங்கத்தின் நூற்றாண்டு ஒன்றுகூடலில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



செயலாளர் அக்கா தொலைபேசியில் அழைத்தபோது ஒரு நிபந்தனை வைத்தார். “நீர் ஒரு டொக்டர், ஏதாவது பேசத்தான் வேணும். ஆனால் வருத்தங்களைச் சொல்லிச் சனத்தைப் பயப்படுத்தக் கூடாது” என்றார். ஆகவே சாப்பாட்டைப் பற்றிப் பேசலாம் என்று முடிவு செய்தேன். அதிலும் பீட்சாவைப் பற்றி. முன்வரிசையில் இருக்கும் சில ஆசிரியர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வது தெரிகிறது. மனைப்பொருளியல் பாடத்தில் எங்களுக்கு நீங்கள் சொல்லித்தராத ஒன்றை நான் சொல்லப் போவதில்லை. நீங்கள் சொல்லித்தந்ததைத்தான் வேறொரு தட்டில் வைத்துத் தரப் போகிறேன்.

இன்று உவர்மலையில் இருக்கும் பிள்ளையும் லண்டனில் இருக்கும் பிள்ளையும் ரொறன்ரோவில் இருக்கும் பிள்ளையும் பிறந்தநாளுக்குக் கேட்பது பீட்சாதான். எங்கள் காலத்தில் கட்லட்டும் கேக்கும் இருந்த இடத்தில் இப்போது அது இருக்கிறது. அதன் அடித்தட்டு கோதுமை மாவில் செய்யப்படுவது. கோதுமை மாவைப் பற்றிப் பேசுவதற்குத் திருகோணமலைப் பெண்களைவிடப் பொருத்தமானவர்கள் இந்த நாட்டில் யாரும் இல்லை.

ஏனென்றால் எமது நாட்டில் கோதுமை விளைவதில்லை. நாம் சாப்பிடும் பாண், பணிஸ், பரோட்டா எல்லாம் கப்பலில் வந்த தானியம். அதில் பெரும்பங்கு எங்கள் சீனன்குடாவில் இறங்கி, அங்குள்ள பிறீமா ஆலையில்தான் மாவாகிறது. நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாக அந்த ஆலையின் உயர்ந்த குதங்களைக் குடாவுக்கு அப்பால் பார்த்தபடிதான் இந்த ஊர் பிள்ளைகள் வளர்ந்திருக்கிறார்கள்.

ஆனால் இந்த மா எங்கள் அடுப்படிக்கு வந்து அதிக காலம் ஆகவில்லை. இரண்டாம் உலகப் போரில் 1942ஆம் ஆண்டு பர்மா யப்பானியரிடம் வீழ்ந்தபோது எங்களுக்கு வந்துகொண்டிருந்த பர்மா அரிசி நின்றுபோனது. அதே ஆண்டு ஏப்ரல் 9ஆம் திகதி எங்கள் துறைமுகத்தின் மீதே குண்டு விழுந்தது. அரிசித் தட்டுப்பாட்டின் அந்த ஆண்டுகளில்தான் பாணும் கோதுமை மாவும் சாதாரண வீடுகளுக்குள் பரவலாக நுழைந்தன. அம்மம்மாமார் அதை “அமெரிக்கன் மா” என்று சொல்வதை நீங்களும் கேட்டிருப்பீர்கள். அந்தப் பெயரே அது வெளியில் இருந்து வந்தது என்பதைச் சொல்லிவிடுகிறது. பிறகு எங்கள் சொந்தப் போர்க்காலம் வந்தது. நிவாரணப் பொதியில் அரிசியோடும் பருப்போடும் சீனியோடும் வந்ததும் இதே மாதான். அந்த மா எங்களில் பலரை உயிரோடு வைத்திருந்தது. அதைக் குறைசொல்ல நான் இங்கே நிற்கவில்லை.

2022ஆம் ஆண்டு நடந்ததும் உங்களுக்கு நினைவிருக்கும். ஒருபுறம் டொலர் இல்லை, மறுபுறம் உக்ரேனில் யுத்தம். மாவின் விலை பலமடங்கு ஏறியது. சமையல் எரிவாயுவுக்கு வரிசை. மா ஆலை இருக்கும் ஊரிலேயே பாணுக்குக் காத்து நின்றோம். அப்போது பல வீடுகளில் குரக்கனும் மரவள்ளியும் பயறும் திரும்பி வந்தன. வந்ததில் நல்லதை விலை இறங்கிய பிறகும் வைத்துக்கொள்ளலாமே என்பது என் எண்ணம்.

சிலருக்கு ஆனால் இது விருப்பம் சார்ந்த விடயம் அல்ல. அக்கா வைத்த நிபந்தனையைச் சற்றுத் தளர்த்தி ஒரு பிள்ளையைப் பற்றிச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி சில விபரங்களை மாற்றியிருக்கிறேன்.

பதின்மூன்று வயது. உயரம் ஒன்பது வயதுப் பிள்ளையினது. இரத்தச்சோகை. இரும்புச்சத்து மாத்திரை மாதக்கணக்கில் கொடுத்தும் இரத்தம் ஏறவில்லை. பூச்சி மருந்தும் கொடுத்தாயிற்று. வயிறு அடிக்கடி ஊதும், வாயில் புண் வரும். “பிள்ளை சாப்பிடுறாளில்லை, அதுதான்” என்று வீட்டில் எல்லோரும் அவளையே ஏசினார்கள். இரத்தப் பரிசோதனையும் பிறகு சிறுகுடலில் இருந்து எடுத்த சிறு துண்டின் பரிசோதனையும் காரணத்தைக் காட்டின. சீலியாக் நோய்.

கோதுமையிலும் வாற்கோதுமையிலும் றை என்னும் தானியத்திலும் குளூட்டன் என்ற புரதம் இருக்கிறது. சீலியாக் நோய் உள்ளவர்களின் உடலில் குளூட்டன் சேரும்போது அவர்களுடைய நோயெதிர்ப்புத் தொகுதி தன் சொந்தச் சிறுகுடலின் சுவரையே தாக்குகிறது. உணவை உறிஞ்சும் சடைமுளைகள் தேய்ந்து போகின்றன. பிறகு என்ன சாப்பிட்டாலும் உடம்பில் சேராது. உலகளவில் ஏறத்தாழ நூற்றுக்கு ஒருவருக்கு இது இருக்கிறது. கோதுமையை அதிகம் உண்ணும் வட இந்தியாவில் நன்கு அறியப்பட்ட நோய். எங்களிடம் அரிது என்று நினைப்பதால் தேடிப் பார்ப்பதும் அரிது.

இதைக் கண்டுபிடித்த கதையும் ஒரு போர்க்காலக் கதைதான். ஒல்லாந்தில் வில்லெம் டிக்கே என்ற குழந்தை வைத்தியர் பாணுக்கும் இந்த நோய்க்கும் தொடர்பு இருக்கலாம் என்று 1930களிலேயே சந்தேகித்திருந்தார். 1944-45 பனிக்காலத்தில் அங்கே பெரும் பஞ்சம். ஊரெல்லாம் பசியில் வாட, பாண் கிடைக்காத அந்த நாட்களில் இந்த நோயுள்ள பிள்ளைகள் தேறினார்கள். பாண் திரும்பி வந்ததும் மறுபடி நோயுற்றார்கள். 1950இல் அவர் தன் ஆய்வை எழுதி முடித்தார். அரிசி இல்லாமல் போனதால் எங்களிடம் கோதுமை பரவிய அதே பத்தாண்டில், கோதுமை இல்லாமல் போனதால் அங்கே ஒரு நோய் புரிந்தது.

எங்கள் பிள்ளைக்கு வருவோம். கோதுமையை நிறுத்தினோம். ஒரு வருடத்துக்குள் சட்டைகள் கட்டையாகின. இரத்தம் ஏறியது. நான் திருப்தியோடு கோப்பை மூடப் போனபோது அவளுடைய தாய் சொன்னார்: “டொக்டர், எல்லாம் சரி. ஆனால் பிள்ளை இப்ப ஒருத்தர் வீட்டுக்கும் போறாளில்லை. பிறந்தநாள் எண்டால் தலையிடி எண்டு படுத்திடுறாள்.”

வைத்தியர் எழுதிக் கொடுப்பது “சாப்பிடாதே” என்ற ஒரு வார்த்தை. அந்த வார்த்தையோடு வாழ்வது பிள்ளை. மற்றப் பிள்ளைகள் சுற்றியிருந்து பிய்த்துச் சாப்பிடும் தட்டுக்கு முன்னால் ஒரு வாழைப்பழத்தோடு உட்கார்ந்திருப்பது பதின்மூன்று வயதில் இலகுவான விடயம் அல்ல. ஆகவே அந்தத் தாயும் நானும் சேர்ந்து, எல்லோரும் சாப்பிடக் கூடிய ஒரு பீட்சாவைத் தேடினோம். அவர் சமைத்தார், நான் பெரும்பாலும் சாப்பிட்டேன்.

முதலில் ஏன் அது கடினம் என்று பார்ப்போம். கோதுமை மாவில் தண்ணீர் விட்டுப் பிசையும்போது குளூட்டன் இறப்பர் வலை போல இழுபடுகிறது. மதுவம் விடும் வாயு அந்த வலைக்குள் அகப்படுவதால் மா பொங்குகிறது, சுட்ட பிறகும் இழுவையாக இருக்கிறது. அரிசி மாவிலோ குரக்கன் மாவிலோ இந்த வலை இல்லை. வாயு வெளியே ஓடிவிடும். சுட்டால் வெடிக்கும், உதிரும்.

ஆனால் இந்தச் சிக்கலை எங்கள் ஆச்சிமார் எப்போதோ தீர்த்துவிட்டார்கள். இடியப்பத்துக்கு ஏன் கொதிதண்ணீர் விட்டுக் குழைக்கிறோம்? கொதிதண்ணீரில் அரிசியின் மாப்பொருள் வெந்து பசையாகி, உதிராமல் பிடித்துக்கொள்கிறது. இட்டலிக்கு ஏன் உழுந்து போடுகிறோம்? உழுந்தில் உள்ள வழுவழுப்பான பொருளும் புரதமும் சேர்ந்து புளிக்கும்போது வரும் வாயுவைச் சிறைபிடிக்கின்றன. குளூட்டன் செய்யும் வேலையை ஒன்றில் கொதிதண்ணீரும் மற்றதில் உழுந்தும் செய்கின்றன.

இப்போது மூன்று வழிகளைச் சொல்கிறேன். மலரில் அச்சாகும் என்பதால் அளவுகளையும் சரியாகத் தருகிறேன்.

முதலாவது உழுந்து வழி. இது அந்தத் தாயின் கைவண்ணம். கோதுள்ள உழுந்து வேண்டாம், வெள்ளை உழுந்து அரைக் கோப்பை எடுத்து நான்கு மணித்தியாலம் ஊறவைத்து, குறைந்த தண்ணீரில் பஞ்சு போல அரையுங்கள். அதில் வறுக்காத சிவப்பரிசி மா ஒரு கோப்பை, குரக்கன் மா அரைக் கோப்பை, உப்பு ஒரு தேக்கரண்டி சேர்த்து, தோசை மாவைவிடத் தடிப்பாகக் கரைத்து மூடி வையுங்கள். எங்கள் ஊர் வெக்கையில் ஆறு முதல் எட்டு மணித்தியாலம் போதும். குளிர்நாட்டில் இருப்பவர்கள் விளக்குப் போட்ட அவணுக்குள் இரவு முழுதும் வையுங்கள். பொங்கியதும் எண்ணெய் பூசிய தாச்சியில் அரைச் சென்ரிமீற்றர் தடிப்பில் ஊற்றி, மூடி, மெல்லிய நெருப்பில் ஐந்தாறு நிமிடம் விடுங்கள். மேற்பக்கம் இறுகியதும் திருப்பிப் போட்டு, அதன்மேல் தக்காளிக் குழம்பும் மேலே போடுவதையும் பரப்பி, இன்னும் ஐந்து நிமிடம் மூடி வையுங்கள். மதுவம் வேண்டாம், அவணும் வேண்டாம்.

இரண்டாவது, இழுவை வேண்டும் என்று அடம்பிடிப்பவர்களுக்கு. மருந்துக்கடையில் மலச்சிக்கலுக்கு விற்கும் இசப்கோல் உமி 15 கிராம் எடுத்து, இளஞ்சூடான தண்ணீர் 275 மில்லிலீற்றரில் கலந்து பத்து நிமிடம் வையுங்கள். அது கூழாகிவிடும். சிவப்பரிசி மா 150 கிராம், குரக்கன் மா 50 கிராம், மரவள்ளி மா 50 கிராம், உடனடி மதுவம் ஒரு தேக்கரண்டி, சீனி ஒரு தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி, எண்ணெய் ஒரு மேசைக்கரண்டி சேர்த்துப் பிசையுங்கள். ஒரு மணித்தியாலம் வெக்கையான இடத்தில் மூடி வையுங்கள். உருளையால் தேய்க்க வேண்டாம், கிழியும். எண்ணெய் பூசிய தட்டில் ஈரக் கையால் றொட்டி தட்டுவது போல அழுத்திப் பரப்புங்கள். 220 பாகை செல்சியஸ் சூட்டில் முதலில் வெறும் தட்டாகவே 10 முதல் 12 நிமிடம் சுடுங்கள். பிறகு மேலே போடுவதைப் போட்டு இன்னும் பத்து நிமிடம். வெறுந்தட்டாக முதலில் சுடாவிட்டால் நடுப்பகுதி ஈரமாகவே இருக்கும். கோதுமையல்லாத மா அனைத்துக்கும் இது பொருந்தும்.

மூன்றாவது வழி இத்தாலியில் இருந்தே வருகிறது. பீட்சாவின் ஊர் நேப்பிள்ஸ், அது ஒரு துறைமுகம். வடக்கே ஜெனோவா என்று இன்னொரு துறைமுகம் இருக்கிறது. அங்குள்ளவர்கள் கடலை மாவில் ஃபரினாட்டா என்று ஒரு மெல்லிய றொட்டியைப் பெரிய செப்புத்தட்டில் விறகடுப்பில் சுடுகிறார்கள். அதில் கோதுமை அறவே இல்லை. கடலை மா 200 கிராம், தண்ணீர் 600 மில்லிலீற்றர், உப்பு ஒரு தேக்கரண்டி. கட்டி இல்லாமல் கரைத்து நான்கு மணித்தியாலம் வையுங்கள். மேலே வரும் நுரையை அள்ளிவிட்டு, எண்ணெய் நான்கு மேசைக்கரண்டி கலந்து, நன்றாகச் சூடேறிய தட்டில் மெல்லியதாக ஊற்றி, அவணின் ஆகக்கூடிய சூட்டில் பொன்னிறமாகும் வரை சுடுங்கள். எங்கள் வீட்டில் இதற்கு வெங்காயமும் முருங்கையிலையும் தூவுவோம்.

மேலே என்ன போடுவது என்பதைத் திருகோணமலைக்காரருக்கு நான் சொல்லத் தேவையில்லை. இறால் இருக்கிறது, கணவாய் இருக்கிறது.

ஒடியல் மாவைப் பற்றி யாழ்ப்பாணத்தில் திருமணம் செய்தவர்கள் கேட்பார்கள். பாவிக்கலாம். ஆனால் கூழுக்குச் செய்வது போலவே தண்ணீரில் ஊறவைத்து, தெளிந்த நீரை ஊற்றிவிட்டுக் கசப்பைப் போக்கிய பிறகுதான் பாவிக்க வேண்டும். நன்றாக வேகவும் வேண்டும். தனியே போடாமல் அரிசி மாவில் நான்கில் ஒரு பங்காகச் சேருங்கள்.

இனி, கவனிக்க வேண்டிய நான்கு விடயங்கள். இந்த உரையில் வேறெதையும் மறந்தாலும் இவற்றை மறக்க வேண்டாம்.

ஒன்று, சீலியாக் நோய் இருக்குமோ என்று சந்தேகம் வந்தால், பரிசோதனைக்கு முன் கோதுமையை நிறுத்தாதீர்கள். இரத்தத்தில் நாங்கள் தேடும் பிறபொருளெதிரிகள் குளூட்டன் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதுதான் தெரியும். நிறுத்திவிட்டு வந்தால் நோய் இருந்தும் இல்லை என்று அறிக்கை வரும். முதலில் வைத்தியர், பிறகு பரிசோதனை, அதன் பிறகே அடுப்படி. உறுதியானால் பெற்றோரும் சகோதரர்களும் பரிசோதித்துக்கொள்ள வேண்டும். முதலாம் வகை நீரிழிவு உள்ள பிள்ளைகளிலும் இதைத் தேட வேண்டும்.

இரண்டு, கோதுமை ஒளிந்திருக்கும் இடங்கள். ஆட்டா மா கோதுமை. ரவை கோதுமை. கடையில் வாங்கும் குரக்கன் பாணில் பெரும்பகுதி கோதுமை. எங்கள் பக்கத்துத் தோசையில் உழுந்தோடு கோதுமை மாவும் சேர்ப்பது வழக்கம். பிட்டிலும் அவித்த கோதுமை மா கலப்பதுண்டு. கூட்டுப் பெருங்காயத்திலும் சோயா சோஸிலும் கோதுமை சேர்ப்பதுண்டு. மோல்ட் பானங்களில் வாற்கோதுமை. கோதுமை அரைத்த அதே ஆலையில் குரக்கனை அரைத்தால் மாவில் மா கலந்துவிடும். ஆகவே தானியத்தை வாங்கிக் கழுவிக் காயவைத்து வீட்டு மிக்சியில் அரைப்பது பாதுகாப்பு. வெளிநாட்டில் இருப்பவர்கள் பொதியில் குளூட்டன் அற்றது என்ற குறிப்பைப் பாருங்கள். ஒரு கிலோகிராமில் 20 மில்லிகிராமுக்கு மேற்படாமல் இருக்க வேண்டும் என்பதுதான் சர்வதேச அளவுகோல். அந்த அளவு எவ்வளவு சிறியது என்று நினைத்துப் பாருங்கள். கோதுமை றொட்டி சுட்ட தாச்சியைத் துடைத்துவிட்டுப் பாவிப்பது போதாது.

மூன்று, நீரிழிவு உள்ளவர்களுக்கு. கோதுமை இல்லை என்றால் சீனி ஏறாது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. அரிசி மாவும் மரவள்ளி மாவும் இரத்தத்தில் சீனியை விரைவாகவே ஏற்றும். உங்களுக்கு மூன்று வழிகளிலும் பொருத்தமானது கடலை மாதான். அதில் புரதமும் நாரும் கூட. உழுந்து வழியில் செய்தால் தட்டை மெல்லியதாக ஊற்றி, மரக்கறியையும் மீனையும் கூட்டி, இரண்டு துண்டோடு நிறுத்துங்கள்.

நான்கு, நோயில்லாதவர்கள் கோதுமைக்குப் பயப்படத் தேவையில்லை. குரக்கனை நான் விரும்புவதற்குக் காரணம் வேறு. அதன் 100 கிராமில் 300 மில்லிகிராமுக்கு மேல் கல்சியம் இருக்கிறது. வெள்ளை மாவில் அதன் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. எங்கள் வயதில் எலும்பைப் பற்றி நினைக்கத்தான் வேண்டும், இல்லையா அக்காமாரே?

நிறைவாக ஒரு வேண்டுகோள். எமது சங்கம் ஆண்டுதோறும் மாணவிகளுக்கு விருந்து வைக்கிறது. விடுதிப் பிள்ளைகளுக்குச் சிற்றுண்டி கொடுக்கிறது. அடுத்த முறை அழைப்பு அனுப்பும்போது, சாப்பிடக் கூடாத உணவு எதுவும் உண்டா என்று ஒரு வரி கேளுங்கள். கோதுமை சேராத ஒரு தட்டைத் தனிப் பாத்திரத்தில், தனிக் கரண்டியோடு, முதலாவதாகச் சமைத்து மூடி வையுங்கள். அதைவிட நல்லது, முழு விருந்தையுமே அந்த மாவில் செய்துவிடுவது. தனித்தட்டு வைக்கும்போது அந்தப் பிள்ளை தனித்துத் தெரிகிறாள். எல்லோருக்கும் ஒரே தட்டு என்றால் அவளும் மற்றவர்களோடு கை நீட்டுவாள்.

நான் சொன்ன அந்தப் பிள்ளை இப்போது உயர்தரம் படிக்கிறாள். சென்ற பிறந்தநாளுக்குத் தன் வகுப்புத் தோழிகளை வீட்டுக்கு அழைத்திருந்தாள். உழுந்துத் தட்டு ஆறு போட்டும் காணாமல் போய், தாய் ஏழாவதற்கு மா கரைக்கப் போனாராம். மா புளிக்க ஆறு மணித்தியாலம் ஆகும் என்று சொல்லிப் பிள்ளைகளைச் சமாதானப்படுத்த வேண்டியிருந்ததாம். நீங்கள் செய்யும்போது முதலிலேயே இரட்டிப்பு அளவில் கரைத்து வையுங்கள்.